கொடுத்த ஜாமீனை நீதிமன்றம் எப்போது திரும்ப எடுக்கும்?

நீங்கள் கேட்டதை முதலில் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன், படிக்கிற மற்றவர்களுக்கும் விளங்கட்டும். உங்கள் தம்பியை வெட்டிய வழக்கில் கொலை முயற்சிப் பிரிவில் கைதானவர், மாவட்ட அமர்வு நீதிமன்றத்தில் ஜாமீன் வாங்கி 23 நாளில் வெளியே வந்துவிட்டார். தினமும் காலையில் காவல் நிலையத்தில் கையெழுத்துப் போட வேண்டும் என்பது நிபந்தனை. வந்த இரண்டாவது வாரமே உங்கள் தெருவில் பைக்கில் சுற்றுகிறார். ‘கேஸை முடிச்சுக்கலாம், இல்லைன்னா மிச்சம் இருக்கு’ என்று ஆள் விட்டுச் சொல்லி அனுப்புகிறார். ஜாமீனை ரத்து செய்யச் சொல்லி நீங்கள் காவல் நிலையம் போனால், ‘அதை நாங்கதான் போடணும், நீங்க போட முடியாது’ என்கிறார்கள். யார் போடலாம், எங்கே போடலாம், கையில் என்ன இருந்தால் ரத்தாகும் என்பது உங்கள் கேள்வி.

காவல் நிலையத்தில் சொன்னது தவறு. நீங்களும் போடலாம். அதைப் பற்றிப் பின்னால் சொல்கிறேன். அதைவிட முக்கியமான ஒன்றை முதலில் சொல்ல வேண்டும், ஏனென்றால் ஜாமீன் ரத்து மனுக்களில் பெரும்பாலானவை தோற்பது அந்த இடத்தில்தான்.

‘ஜாமீனை ரத்து பண்ணுங்க’ என்று நாம் ஒரே வார்த்தையில் சொல்வது உண்மையில் இரண்டு வேறு வேறு கோரிக்கைகள். ஒன்று, ஜாமீன் கொடுத்தது சரிதான், ஆனால் வெளியே வந்தவர் அந்தச் சுதந்திரத்தைக் கெடுத்துக்கொண்டார் என்பது. இன்னொன்று, அந்த உத்தரவே தப்பு, கொடுத்திருக்கவே கூடாது என்பது. முதலாவதில் நீதிமன்றம் பார்ப்பது வெளியே வந்த பிறகு நடந்ததை மட்டும். இரண்டாவதில் பார்ப்பது உத்தரவு எழுதிய அன்று நீதிபதியின் முன்னால் என்ன இருந்தது, எதைப் பார்த்தார், எதைப் பார்க்காமல் விட்டார் என்பதை. இரண்டுக்கும் ஆதாரம் வேறு, வாதம் வேறு, பல சமயம் போக வேண்டிய நீதிமன்றமே வேறு.

நடப்பது என்ன? எட்டுப் பக்க மனுவில் ஏழு பக்கம் வெட்டுக்காயத்தின் ஆழம், எத்தனை தையல், எவ்வளவு கொடூரம் என்று போகும். கடைசிப் பக்கத்தில் ‘மேலும் எதிரி எங்களை மிரட்டி வருகிறார்’ என்று ஒரு வரி வரும் (நீதிமன்ற மொழியில் எதிரி என்றால் குற்றம் சாட்டப்பட்டவர்). எந்தத் தேதி, எத்தனை மணி, யார் மூலம், என்ன சொன்னார், யார் கேட்டார்கள் என்று எதுவும் இருக்காது. அந்த ஏழு பக்கமும் ஜாமீன் கொடுக்கும்போதே நீதிபதி பார்த்துவிட்ட விஷயம். அதையே திருப்பிச் சொன்னால், பார்த்துத்தானே கொடுத்தேன் என்று மனுவைத் தள்ளிவிடுவார். அவர் கேட்கக் காத்திருந்த விஷயம் அந்த ஒரு வரியில் இருந்தது. நான் எதிரித் தரப்பில் நின்று இப்படிப்பட்ட மனுக்களைச் சுலபமாகத் தோற்கடித்திருக்கிறேன் என்பதால் சொல்கிறேன்.

சட்டப் பிரிவுகளைச் சீக்கிரம் கடந்துவிடலாம். 2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது. பழைய 437(5) இப்போது 480(5). நடுவர் (மாஜிஸ்திரேட்) நீதிமன்றம் தான் விடுவித்த ஒருவரை, தேவை என்று கருதினால், மீண்டும் கைது செய்து காவலில் வைக்க உத்தரவிடலாம். பழைய 439(2) இப்போது 483(3). ஜாமீனில் இருக்கும் யாரையும் உயர் நீதிமன்றமோ அமர்வு நீதிமன்றமோ கைது செய்யச் சொல்லலாம். முன்ஜாமீனுக்கும் இது பொருந்தும். சன்ஹிதாவில் உள்ளது அவ்வளவுதான். எப்போது, எதற்காக என்று அந்தப் பிரிவுகளில் ஒரு வார்த்தை கிடையாது. அதையெல்லாம் நிரப்பியது தீர்ப்புகள்.

அந்தத் தீர்ப்புகளில் இன்றும் எல்லோரும் தொடங்கும் இடம் 1978-இல் வந்த சஞ்சய் காந்தி வழக்கு. அவசரநிலை முடிந்த பிறகு, ஒரு திரைப்படத்தின் பிரதிகளை அழித்ததாக அவர் மீது வழக்கு. விசாரணையில் அரசுத் தரப்புச் சாட்சிகள் ஒவ்வொருவராகப் பிறழ்ந்தார்கள், அதாவது முன்பு சொன்னதை மாற்றிச் சொன்னார்கள். டெல்லி நிர்வாகம் ஜாமீன் ரத்து கேட்டது. உயர் நீதிமன்றம் மறுத்தது. உச்ச நீதிமன்றத்தில் தலைமை நீதிபதி சந்திரசூட் (ஒய்.வி., அப்பா சந்திரசூட்) எழுதிய தீர்ப்பில் மூன்று விஷயங்கள் உண்டு. ஜாமீன் கேட்கும்போது மறுப்பது வேறு, கொடுத்ததைப் பறிப்பது வேறு, பறிப்பதற்குக் கூடுதல் காரணம் வேண்டும். சாட்சி பிறழ்ந்துவிட்டார் என்பதாலேயே எதிரிதான் அவரை வளைத்தார் என்று முடிவு கட்டக் கூடாது, பிறழ்வதற்கு ஆயிரம் காரணம் இருக்கலாம். மூன்றாவதுதான் உங்களுக்கு வேண்டியது. எதிரிதான் வளைத்தார் என்று காட்ட, குற்றத்தை நிரூபிப்பதுபோல் சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டியதில்லை. நடந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று காட்டினால் போதும். கடைசியில் சஞ்சய் காந்தியின் ஜாமீன் ரத்தானது, ஆனால் ஒரே ஒரு மாதத்துக்கு. முக்கியமான சாட்சிகளை அதற்குள் விசாரித்து முடித்துவிடலாம் என்பது கணக்கு. ஜாமீன் ரத்து என்பது தண்டனை இல்லை, விசாரணையைக் காப்பாற்றப் போடும் வேலி என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

1990-களின் நடுவில் வந்த தோலத் ராம் தீர்ப்பு இதையே இன்னும் இறுக்கிப் பிடித்தது. ரத்து செய்ய மிக வலுவான, தள்ள முடியாத சூழ்நிலைகள் இருக்க வேண்டும் என்றது. எதிரித் தரப்பு வழக்கறிஞர் எழுந்து நின்றதும் முதலில் படிப்பது இந்த வரியைத்தான், அதனால் அதற்குப் பதில் தயாராக வைத்திருங்கள்.

சரி, என்ன செய்தால் சுதந்திரத்தைக் கெடுத்துக்கொண்டதாக ஆகும்? சாட்சியை மிரட்டுவது, விலை பேசுவது, ஆதாரத்தை அழிப்பது, புலன்விசாரணையில் குறுக்கிடுவது, வெளியே வந்து அதே மாதிரிக் குற்றத்தை மறுபடி செய்வது, வெளிநாட்டுக்கு ஓடப் பார்ப்பது, தலைமறைவாவது, ஜாமீன்தாரரின் கைக்கே எட்டாமல் போய்விடுவது. 1986-இல் பீகார் வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் கிட்டத்தட்ட இந்த வரிசையில் சொன்னதுதான் இன்றைக்கும் நடப்பு.

இதில் நேரடி மிரட்டல் மட்டும்தான் மிரட்டல் என்று நினைக்க வேண்டாம். 2022-இல் மத்தியப் பிரதேசத்திலிருந்து உச்ச நீதிமன்றத்துக்கு ஒரு வழக்கு வந்தது. பாலியல் வன்கொடுமை வழக்கில் கைதான மாணவர் அமைப்புப் பிரமுகர் ஜாமீனில் வந்ததும், அவரைக் கொண்டாடிச் சுவரொட்டிகளும் பதாகைகளும் முளைத்தன. ‘பையா இஸ் பேக்’ என்று. நம் ஊர்ப் பேச்சில் ‘அண்ணன் வந்துட்டார்’. அந்தப் பெண்ணிடம் யாரும் போய் ஒரு வார்த்தை பேசவில்லை. ஆனால் அந்த ஊரில் அந்தப் பதாகையைப் பார்த்துக்கொண்டே கல்லூரிக்குப் போக வேண்டிய பெண்ணின் மனதில் அது என்ன செய்யும் என்று உச்ச நீதிமன்றம் யோசித்தது. ஜாமீன் போனது. உங்கள் தெருவில் பைக் சுற்றுவதையும் இந்தக் கண்ணோடு பார்க்க வைக்க முடியும். ஆனால் அவர் வீடும் அதே தெருவில்தான் என்றால் அந்த வாதம் நிற்காது, எச்சரிக்கை.

பதவியே மிரட்டலாக முடியும் என்பதற்குத் தமிழ்நாட்டிலேயே ஒரு வழக்கு உண்டு. முன்னாள் அமைச்சர் செந்தில் பாலாஜிக்கு 2024 செப்டம்பர் 26 அன்று உச்ச நீதிமன்றம் ஜாமீன் கொடுத்தது. மூன்றே நாளில், 29-ஆம் தேதி, மறுபடி அமைச்சரானார். போக்குவரத்துத் துறை வேலை மோசடியில் சாட்சி சொல்ல வேண்டியவர்கள், அமைச்சராக இருப்பவருக்கு எதிராக எப்படி வாய் திறப்பார்கள் என்று கேட்டு மனு போனது. 2025 ஏப்ரல் 23 அன்று நீதிமன்றம், பதவி வேண்டுமா வெளியே இருப்பது வேண்டுமா, முடிவு செய்துகொள்ளுங்கள் என்றது. 27-ஆம் தேதி அவர் பதவி விலகினார், ஜாமீன் தப்பியது. ஆபத்தை வேறு வழியில் நீக்க முடியும் என்றால் நீதிமன்றம் ரத்துவரை போகாது என்பதும் இதிலிருந்து தெரிகிறது. உங்கள் வழக்கில்கூட ‘விசாரணை முடியும்வரை அந்தத் தாலுகாவுக்குள் வரக் கூடாது, வேறு ஊர்க் காவல் நிலையத்தில் கையெழுத்துப் போடட்டும்’ என்று நிபந்தனையை மாற்றுவதோடு நீதிபதி நிறுத்திக்கொள்ளலாம். உங்களுக்கு வேண்டியது தம்பியின் பாதுகாப்பு என்றால் அது சின்ன வெற்றி இல்லை. மனுவில் மாற்றுக் கோரிக்கையாக அதையும் எழுதச் சொல்லுங்கள்.

அப்புறம் கையெழுத்து விஷயம். ஒரு நாள் கையெழுத்துப் போடவில்லை என்றால் ஜாமீன் தானாக ரத்தாகிவிடும் என்று பலர் நம்புகிறார்கள். ஆகாது. காய்ச்சல், வீட்டில் சாவு, பரீட்சை என்று காரணம் காட்டினால் ஒன்றிரண்டு நாளை நீதிமன்றம் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை. நிபந்தனைத் தளர்வு கேட்டு மனு போட்டுவிட்டு, உத்தரவு வருமுன்னே போவதை நிறுத்திக்கொள்கிறவர்கள்தான் மாட்டிக்கொள்வார்கள். தொடர்ந்து வரவில்லை என்றால் நிலையத்தின் கையெழுத்துப் பதிவேடு உங்களுக்குக் கிடைக்கும் நல்ல ஆதாரம், ஏனென்றால் அதில் யாரும் கதை சொல்ல முடியாது. நீதிமன்ற வாய்தாவுக்கு வராமல் போவது வேறு வகை. அதற்குப் பிடியாணை வரும், பிணைப்பத்திரத்தில் சொன்ன தொகை பறிமுதலாகும், பாரதிய நியாய சன்ஹிதா (பழைய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் வந்தது) 269-இன்படி தனிக் குற்றமாகவும் ஆகும். எதிரி முன்வந்து பிடியாணையைத் திரும்பப் பெறச் சொல்லிக் கேட்டால் பல சமயம் நீதிமன்றம் இறங்கிவரும்.

வெளியே வந்தவர் மீது இன்னொரு எஃப்.ஐ.ஆர். பதிவானால்? அதுவும் தானாக ரத்து ஆகாது. எஃப்.ஐ.ஆர். என்பது குற்றச்சாட்டுதான், அதை யார் வேண்டுமானாலும் யார் மீதும் கொடுக்கலாம் என்பது நீதிபதிக்கும் தெரியும். அதே சாட்சி, அதே பகை, அதே ஆயுதம் என்று பழைய வழக்கோடு அது பின்னிக்கொண்டிருந்தால்தான் எடை கூடும்.

இப்போது இரண்டாவது வழி: உத்தரவே தப்பு என்பது. இதற்கு எதிரி வெளியே வந்து எந்தத் தப்பும் செய்திருக்க வேண்டியதில்லை. வீட்டுக்குள்ளேயே உட்கார்ந்திருந்தாலும் ஜாமீன் போகும். 2001-இல் ஒரு வரதட்சணைச் சாவு வழக்கில் (புரான் எதிர் ராம்பிலாஸ்) உச்ச நீதிமன்றம் இந்த வேறுபாட்டைத் தெளிவாக வைத்தது. நியாயமற்ற, சட்டத்துக்கு முரணான, ஏறுக்குமாறான உத்தரவை விலக்குவதற்கும், பின்னால் கெட்டு நடந்ததற்காக ரத்து செய்வதற்கும் சம்பந்தமில்லை என்றது. காரணமே எழுதாமல் ‘சூழ்நிலைகளைக் கருதி’ என்று ஒற்றை வரியில் கொடுத்த ஜாமீன், எதிரியின் பழைய வழக்குகளைக் கண்டுகொள்ளாமல் கொடுத்தது, போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் 37-ஆவது பிரிவு போன்ற தடையைத் தாண்டிக் குதித்துக் கொடுத்தது, முந்தைய ஜாமீன் மனு தள்ளுபடியானதை மறைத்து வாங்கியது, இதெல்லாம் இந்தக் கணக்கில் வரும்.

அண்மைக் காலத்தில் பெரிதாகப் பேசப்பட்ட ரத்துகள் பெரும்பாலும் இந்த வழியில் வந்தவைதான். கன்னட நடிகர் தர்ஷன் கொலை வழக்கில் கர்நாடக உயர் நீதிமன்றம் 2024 டிசம்பரில் அவர் உட்பட ஏழு பேருக்குக் கொடுத்த ஜாமீனை, 2025 ஆகஸ்ட் 14 அன்று உச்ச நீதிமன்றத்தில் நீதிபதிகள் பர்திவாலாவும் மகாதேவனும் ரத்து செய்தார்கள். உயர் நீதிமன்றம் சாட்சிகளின் நம்பகத்தன்மையை எடைபோடும் வேலையில் இறங்கிவிட்டது, அது விசாரணை நீதிமன்றத்தின் வேலை என்பது முக்கியமான குறை. அதற்கு முந்தைய நாள் மல்யுத்த வீரர் சுஷில் குமாரின் ஜாமீன் ரத்தானது. அதில் மேல்முறையீடு செய்தவர் கொலையானவரின் தந்தை, அரசு இல்லை. 2022-இல் லக்கிம்பூர் கேரி வழக்கில் (போராடிய விவசாயிகள் மீது கார் ஏற்றிய வழக்கு) ஆசிஷ் மிஸ்ராவுக்கு அலகாபாத் உயர் நீதிமன்றம் கொடுத்ததை உச்ச நீதிமன்றம் விலக்கியதும் பாதிக்கப்பட்ட குடும்பங்கள் கேட்டுத்தான். ஜாமீன் விசாரணையில் பாதிக்கப்பட்டவர்களுக்குப் பேச வாய்ப்புக் கொடுக்கவில்லை என்பதே அங்கு ஒரு முக்கியக் காரணம். அரசு மேல்முறையீடு செய்யாமல் இருந்தது என்பதையும் கவனியுங்கள்.

இதோடு ‘நீங்க போட முடியாது’ என்பதற்கும் பதில் வந்துவிட்டது. இன்னும் நெருக்கமாகச் சொல்ல வேண்டுமானால், இந்தச் சட்டம் உருவானதே நம் மதுரை மாவட்டத்து வழக்கு ஒன்றில்தான். பட்டியல் சாதியினர் கொல்லப்பட்ட வழக்கில் எதிரிகளுக்குக் கிடைத்த ஜாமீனை ரத்து செய்யச் சொல்லி 75 வழக்கறிஞர்கள் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு மனு எழுதினார்கள். அரசுத் தரப்புத்தான் கேட்க முடியும் என்பதுபோல் மனு தள்ளப்பட்டது. 2000-ஆம் ஆண்டு ஆர். ரத்தினம் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. உயர் நீதிமன்றம் தானாகவேகூட இந்த அதிகாரத்தைப் பயன்படுத்தலாம், அப்படியிருக்க ஒரு குடிமகன் கவனத்துக்குக் கொண்டுவந்தால் பார்க்கக் கூடாது என்று எங்கே இருக்கிறது என்பது அதன் சாரம். 75 பேரும் வழக்குக்கு வெளியாட்கள். நீங்களோ வெட்டுப்பட்டவரின் அண்ணன். அந்தத் தீர்ப்பின் பெயரை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். பட்டியல் சாதி, பழங்குடியினர் வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்கு என்றால் உங்கள் நிலை இன்னும் வலுவானது. 15ஏ பிரிவின்படி ஜாமீன் மனு வந்தாலே உங்களுக்குத் தகவல் கொடுத்தாக வேண்டும், கொடுக்காமல் வழங்கிய ஜாமீனை உச்ச நீதிமன்றம் 2021-இல் ராஜஸ்தான் வழக்கு ஒன்றில் ரத்து செய்திருக்கிறது.

எந்த நீதிமன்றம்? இதில் தப்பு செய்து மாதக்கணக்கில் இழந்தவர்கள் உண்டு. உங்கள் வழக்கில் ஜாமீன் கொடுத்தது அமர்வு நீதிமன்றம். மிரட்டுகிறார் என்பது உங்கள் கோரிக்கை என்றால் அதே அமர்வு நீதிமன்றத்தில் 483(3)-இல் மனு போடலாம், நேராக உயர் நீதிமன்றத்துக்கும் போகலாம். அதே நீதிபதிக்கு வழக்கு தெரியும், வாய்தாவும் சீக்கிரம் கிடைக்கும் என்பதால் நான் முதலில் அங்கேதான் போவேன். ‘கொடுத்ததே தப்பு’ என்பது கோரிக்கை என்றால் அதே நீதிமன்றம் தன் உத்தரவைத் தானே திருத்தாது, உயர் நீதிமன்றம்தான் போக வேண்டும். உயர் நீதிமன்றமே கொடுத்த ஜாமீன் தப்பு என்றால் உச்ச நீதிமன்றம். 2014-இல் அப்துல் பாசித் வழக்கில் இது உறுதியானது: தான் கொடுத்த ஜாமீனின் தகுதியை உயர் நீதிமன்றம் மறுபடி எடைபோட முடியாது. உயர் நீதிமன்றம் கொடுத்ததை, கொடுத்தது சரியில்லை என்று அமர்வு நீதிமன்றம் தொடவும் முடியாது.

இதில் ஒரு கிளைவழி உண்டு. சென்னை உயர் நீதிமன்றத்தின் ஜாமீன் உத்தரவுகளில் கடைசி நிபந்தனைகளைப் படித்துப் பாருங்கள். நிபந்தனையை மீறினால், தானே நிபந்தனை விதித்து விடுவித்ததுபோல் கருதி நடுவரோ விசாரணை நீதிமன்றமோ நடவடிக்கை எடுக்கலாம் என்று, பி.கே. ஷாஜி எதிர் கேரளா என்ற 2005 தீர்ப்பைக் குறிப்பிட்டு ஒரு பத்தி வழக்கமாக இருக்கும். பலர் அதைப் படிப்பதே இல்லை. அந்தப் பத்தி இருந்தால், நிபந்தனை மீறலுக்காகச் சென்னைக்கோ மதுரைக் கிளைக்கோ பஸ் ஏற வேண்டியதில்லை, உள்ளூர் நீதிமன்றத்திலேயே போடலாம். உங்கள் உத்தரவு அமர்வு நீதிமன்றத்துடையது என்றாலும் அதே மாதிரி வாசகம் இருக்கிறதா என்று பாருங்கள். இதற்காகவாவது உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்கிவிடுங்கள்.

சில தனி வகைகளையும் சொல்லிவிடுகிறேன். 60 அல்லது 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கலாகாததால் கிடைக்கும் ஜாமீன் உண்டு. குற்றப்பத்திரிகை பின்னால் வந்துவிட்டது என்ற ஒரே காரணத்துக்காக அதை ரத்து செய்ய முடியாது. ஆனால் அந்தக் குற்றப்பத்திரிகையில் வலுவான வழக்கு தெரிந்தால், சிறப்புக் காரணம் காட்டி ரத்து கேட்கலாம் என்று ஆந்திராவின் விவேகானந்த ரெட்டி கொலை வழக்கில் 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொன்னது. போலீஸ் வேண்டுமென்றே தாமதித்து எதிரிக்கு உதவியிருந்தால் அதற்குப் பரிசு கொடுத்ததாகிவிடக் கூடாது என்பது அந்தத் தீர்ப்பின் கவலை.

இன்னொன்று, பிரிவு மாற்றம். காயம்பட்டவர் பின்னால் இறந்துவிட்டால் கொலை முயற்சி கொலையாகும், போலீஸ் பிரிவு மாற்ற அறிக்கை தாக்கல் செய்யும். அப்போது பழைய ஜாமீனை வைத்துக்கொண்டு எதிரி நிம்மதியாக இருக்கவும் முடியாது, போலீஸ் நேரே போய்த் தூக்கிக்கொண்டு வரவும் முடியாது. 2019-இன் பிரதீப் ராம் தீர்ப்புப்படி நீதிமன்றத்தின் உத்தரவு வாங்கித்தான் கைது செய்ய வேண்டும். உங்கள் தம்பி நலமாக இருக்கிறார் என்று எழுதியிருக்கிறீர்கள், இந்தப் பத்தி உங்களுக்குத் தேவைப்படாமலே போகட்டும்.

பணம் கொடுப்பதாகச் சொல்லி ஜாமீன் வாங்கினார், இப்போது தரவில்லை என்று ரத்து கேட்பவர்களும் நிறைய. சமரசப் பேச்சு முறிந்தது என்பது ரத்துக்குக் காரணம் ஆகாது என்று 2004-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஜாமீன் விசாரணை கடன் வசூல் மேடை கிடையாது. ஜாமீனில் விடத்தக்க குற்றம் என்றால்கூட, எதிரி சாட்சிகளைக் கலைத்தால் உயர் நீதிமன்றம் தன் உள்ளார்ந்த அதிகாரத்தில் ரத்து செய்யலாம். இது 1958-இலிருந்து இருக்கும் சட்டம், ஆனால் அரிதாகவே பயன்படுகிறது.

இனி உங்கள் கையில் என்ன வேண்டும் என்பது. மிரட்டல் வந்த அன்றே, அந்தத் தேதியிலேயே, எழுத்துப்பூர்வமான புகார் கொடுங்கள். சி.எஸ்.ஆர். ரசீது (புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான ரசீது) வாங்காமல் நிலையத்தை விட்டு வெளியே வராதீர்கள். ஒரு மாதம் கழித்து நான்கு சம்பவத்தைச் சேர்த்து ஒரே புகாராகக் கொடுப்பது, ரத்து மனுவுக்காக ஜோடித்தது என்று சொல்ல எதிர்த்தரப்புக்கு இடம் கொடுக்கும். பொய்ச்சாட்சி சொல்லும்படி மிரட்டுவது பாரதிய நியாய சன்ஹிதா 232-இன்படி ஏழு ஆண்டுவரை தண்டனைக்குரிய தனிக் குற்றம். அந்தப் பிரிவின் எண்ணை எழுதியே புகார் கொடுக்கலாம். நிலையத்தில் வாங்க மறுத்தால் நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா 173(4)-இன்படி மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்குத் தபாலில் அனுப்பி ரசீதை வைத்துக்கொள்ளுங்கள்.

உங்களிடம் வந்து பேசிய ஆள் இங்கே முக்கியம். ‘எதிரி ஆள் விட்டு மிரட்டினார்’ என்பதில் இரண்டு கண்ணிகள் உண்டு: அந்த ஆள் உங்களிடம் பேசினார் என்பது ஒன்று, எதிரி சொல்லித்தான் பேசினார் என்பது இன்னொன்று. முதலாவதை நிரூபித்துவிட்டு இரண்டாவதில் விழுகிறவர்கள்தான் அதிகம். அவர் போனிலும் பேசியிருந்தால், பேச்சில் ‘அவன் சொல்லச் சொன்னான்’ என்று வந்திருந்தால், அந்தப் பதிவு பொன். பதிவு இருக்கும் போனை மாற்றாதீர்கள், விற்காதீர்கள். பாரதிய சாட்சிய அதினியம் (புதிய சாட்சியச் சட்டம்) 63-ஆவது பிரிவின்படி மின்னணுப் பதிவுக்குத் தரும் சான்றிதழோடு தாக்கல் செய்ய வழக்கறிஞரிடம் சொல்லுங்கள். தெருமுனைக் கடையின் கேமராப் பதிவு சில வாரங்களில் தானாக அழிந்துவிடும், அதையும் இன்றே கேட்டு வாங்குங்கள்.

தம்பியைத் தனியாக ஒரு பிரமாணப் பத்திரம் போடச் சொல்லுங்கள். அண்ணன் சொல்வதைவிட, நாளைக்குச் சாட்சிக் கூண்டில் ஏற வேண்டியவர் ‘எனக்குப் பயமாக இருக்கிறது, இன்ன தேதியில் இன்னது நடந்தது’ என்று சொல்வதற்கு எடை அதிகம். மனுவின் நகலை அரசு வழக்கறிஞர் அலுவலகத்திலும் கொடுங்கள். அவர் எதிர்க்கப் போவதில்லை, போலீஸின் அறிக்கை உங்கள் புகாரை உறுதிசெய்தால் பாதி வேலை முடிந்தது.

ஒருவேளை, ‘பயமாக இருந்தால் சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தில் விண்ணப்பியுங்கள், அது 2018-இலிருந்து இருக்கிறதே’ என்று சொல்லி நீதிமன்றம் உங்கள் மனுவை முடிக்கப் பார்த்தால், அதற்கும் பதில் உண்டு. அலகாபாத் உயர் நீதிமன்றம் இப்படிச் சொல்லிப் பல மனுக்களை முடித்து வைத்ததை 2025-இல் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. பாதுகாப்புத் திட்டம் என்பது அரசு செய்ய வேண்டிய கடமை, ஜாமீன் ரத்து என்பது நீதிமன்றம் செய்ய வேண்டிய வேலை, ஒன்றைக் காட்டி மற்றொன்றைத் தவிர்க்க முடியாது. இரண்டையும் ஒரே நேரத்தில் கேட்கலாம். நானாக இருந்தால் இரண்டையும் கேட்பேன்.

எதிரிக்கு நோட்டீஸ் போகும், அவர் பதில் மனு போடுவார். அவரைக் கேட்காமல் ரத்து செய்தால் மேல் நீதிமன்றத்தில் அந்த உத்தரவு நிற்காது, அதனால் ‘இன்றைக்கே ரத்து பண்ணச் சொல்லுங்க’ என்று வழக்கறிஞரை நெருக்க வேண்டாம். நோட்டீஸ் போன பிறகு வரும் நாட்கள்தான் கொஞ்சம் சூடானவை, தம்பியைத் தனியாக வெளியே அனுப்பாதீர்கள். ரத்தானால் சரணடைய நாள் குறிப்பார்கள், வராவிட்டால் பிடியாணை. அதன் பிறகும் அவர் மறுபடி ஜாமீன் கேட்கலாம். லக்கிம்பூர் வழக்கில் 2022 ஏப்ரலில் ரத்தானவர் 2023 ஜனவரியில் இடைக்கால ஜாமீனில் வெளியே வந்தார். அதனால் அவர் உள்ளே இருக்கும் காலத்துக்குள் தம்பியின் சாட்சியத்தைப் பதிவு செய்துவிட வேண்டும். ரத்து மனுவோடு சேர்த்து, வழக்கைச் சீக்கிரம் விசாரணைக்கு எடுக்கச் சொல்லியும் ஒரு மனு போடுங்கள். குற்றப்பத்திரிகை இன்னும் தாக்கலாகவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள், முதலில் அது எந்த நிலையில் இருக்கிறது என்று நாளைக்கே போய் விசாரியுங்கள்.